பாஸ்டனில் பிறந்த சென்னப்பட்டணத்துத் துரை

புனித ஜார்ஜ் கோட்டையின் ஆளுநராக 1687 முதல் 1692 வரை சென்னையை ஆண்ட எலிஹூ யேலைப் பற்றி இணையத்தில் உலவும் வாழ்க்கை வரலாறுகளுக்கு ஒரு தனித்தன்மை உண்டு. அவற்றில் ஆண்டும் தேதியும் பெரும்பாலும் சரியாகவே இருக்க, அவற்றோடு ஒட்டிக்கொண்டு வரும் அடைமொழிகள்தாம் ஆளை ஏமாற்றுகின்றன. கிழக்கு லண்டனின் பிளேஸ்டோவில் வாழும் தமிழருக்கு இவற்றைச் சரிபார்க்கும் பொறுப்பு கேளாமலே வந்து சேர்கிறது. சென்னையில் உள்ள உறவினர், "யேல் பல்கலைக்கழகத்தைக் கட்டியதே நம்ம மெட்ராஸ் கவர்னர்தான்" என்ற செய்தியைக் காலை வணக்க ரோஜாப்பூவுடன் சேர்த்து அனுப்பிவிட்டு, லண்டனில் இருப்பவர் எட்டிப் பார்த்தாலே ஆவணமெல்லாம் தெரியும் என்று நம்பிக் காத்திருப்பார். அந்த நம்பிக்கையில் பாதி நியாயம் இருக்கிறது. பிளேஸ்டோ நிலையத்தில் ஹாமர்ஸ்மித் ரயில் ஏறினால் வண்டி மாறாமல் கிங்ஸ் கிராஸில் இறங்கி, அருகிலுள்ள பிரிட்டிஷ் நூலகத்தில் கிழக்கிந்தியக் கம்பெனியின் ஏடுகளைப் பார்க்கலாம். கோட்டையின் ஆலோசனைச் சபை கூடிப் பேசியதை எழுதிவைத்த 'கன்சல்டேஷன்' குறிப்புகளைப் படியெடுத்துக் கப்பலில் லண்டனுக்கு அனுப்புவது அக்கால வழக்கம். மீதிப் பாதி எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இருப்பதால், கேள்வி கேட்ட உறவினருக்கே அது பக்கம் என்பதை நாசூக்காகச் சொல்ல வழியில்லை.

யேலை 'அமெரிக்க ஆளுநர்' என்று அழைப்பதிலேயே சிக்கல் தொடங்குகிறது. அவர் 1649 ஏப்ரல் 5 அன்று மாசசூசெட்ஸ் குடியேற்றத்தின் பாஸ்டனில் பிறந்தார் என்பது மெய். ஆனால் மூன்று வயதில் பெற்றோருடன் இங்கிலாந்துக்கு வந்தவர், பிறகு சாகும்வரை அந்தக் கரையை மிதிக்கவே இல்லை என்பதும், அமெரிக்க ஐக்கிய நாடு என்ற ஒன்று அவர் இறந்து ஐம்பத்தைந்து ஆண்டுகள் கழித்தே பிறந்தது என்பதும் அதே அளவு மெய். பால்குடி மறந்த வயதில் ஊரை விட்டவரை அந்த ஊர்க்காரராகக் கொண்டாடும் பழக்கம் தமிழருக்கும் புதிதன்று என்பதால், இதைப் பெருங்குற்றமாகக் கொள்ள வேண்டியதில்லை.

தேதிகளும் சில இடங்களில் சோதனை செய்கின்றன. யேல் 1684 ஆகஸ்டில் தற்காலிகமாகப் பதவியேற்று அடுத்த சனவரியில் விலகினார்; ஆனால் 1752 வரை இங்கிலாந்தில் ஆண்டுப் பிறப்பு மார்ச் 25 அன்றுதான் கணக்கிடப்பட்டது என்பதால், பழைய முறைப்படி அந்தச் சனவரியும் 1684-ஐச் சேர்ந்ததே. இதை அறியாதவர் ஏட்டைப் புரட்டினால், அந்தத் துரை பதவி ஏற்பதற்கு ஏழு மாதம் முன்பே பதவி விலகிவிட்டதாகத் தோன்றும். பிற்கால அரசியலில்கூட இத்தகைய துறவு காணக் கிடைக்காது.

தன் குதிரையைக் கேட்காமல் ஓட்டிச் சென்ற குதிரைக்காரனை யேல் தூக்கிலிட்டார் என்ற கதை ஏறக்குறைய எல்லா வரலாறுகளிலும் வருகிறது. அலெக்சாந்தர் ஹாமில்டன் என்ற கப்பல் தலைவர் 1727-இல் வெளியிட்ட பயண நூலில் அது காணப்படுகிறது. யேல் இறந்தது 1721-இல் ஆகையால், மறுப்பு அனுப்ப அவருக்கு வசதியில்லாமல் போயிற்று. கடலூருக்கு அருகே 1690-இல் மராத்தியரிடமிருந்து வாங்கிய கோட்டைக்குப் புனித டேவிட் என்று பெயர் வந்தது வேல்ஸ் நாட்டுப் புனிதராலா, சிறுவயதில் மறைந்த யேலின் மகன் டேவிடாலா என்பதிலும் இரு கட்சிகள் உள்ளன. அங்கே ஐயமின்றி நிற்பது நில அளவை முறைதான்: கோட்டையிலிருந்து பீரங்கியால் சுட்டு, குண்டு விழுந்த எல்லைவரை கம்பெனிக்குச் சொந்தம் என்றார்கள், அவ்வாறு வந்த ஊர்களைக் 'குண்டு கிராமங்கள்' என்பர். பட்டா வாங்க வட்டாட்சியர் அலுவலகத்துக்கு நடந்தவர்கள் இந்த முறையின் வேகத்தை மனத்துக்குள் மெச்சக்கூடும்.

சென்னை மாநகராட்சியை 1688-இல் தோற்றுவித்த பெருமையையும் சில பக்கங்கள் அவருக்கே எழுதிவைக்கின்றன. அந்த யோசனை கம்பெனியின் லண்டன் தலைமையில் கோலோச்சிய சர் ஜோசையா சைல்டுக்கு உரியது. சைல்டு வாழ்ந்ததும் புதைக்கப்பட்டதும் பிளேஸ்டோவுக்கு வடக்கே சில மைல் தொலைவிலுள்ள வான்ஸ்டெட்டில். சென்னையில் குப்பை அள்ளாததற்குப் புகார் சொல்ல நினைக்கும் பிளேஸ்டோ தமிழர், மூல காரணரின் கல்லறைக்குப் பேருந்திலேயே போய்விடலாம்.

பல்கலைக்கழகக் கதையோ இன்னும் சுவையானது. கனெக்டிகட்டில் அந்தக் கல்லூரி 1701-இலேயே தொடங்கிவிட்டது. 1718-இல் காட்டன் மேதர் என்ற பாதிரியார், பெயர் நிலைக்கும் என்று ஆசைகாட்டிக் கடிதம் எழுத, யேல் ஒன்பது பொதிச் சரக்கும் 417 நூல்களும் முதலாம் ஜார்ஜ் மன்னரின் படமும் அனுப்பினார். சரக்கு விற்ற பணம் சுமார் 562 பவுன். ஆண்டுக்குப் பத்துப் பவுன் சம்பளத்தில் எழுத்தராகச் சேர்ந்தவர் அள்ளிக்கொடுக்கும் நிலைக்கு உயர்ந்தது சொந்த வாணிபத்தால். கம்பெனி ஊழியர் தம் கணக்கில் வணிகம் செய்ய ஓரளவு இசைவு இருந்தபோதும், அதில் எல்லை மீறினார் என்ற புகார்களுக்கிடையில்தான் 1692-இல் அவர் பதவி போயிற்று.

நகைப்புக்கு இடமில்லாத பகுதியும் அந்த ஏடுகளில் உண்டு. அவர் தலைமையிலிருந்த சபை, முகலாய அதிகாரிகளின் வற்புறுத்தலால் 1688-இல் சென்னையிலிருந்து அடிமைகளைக் கப்பலேற்றத் தடை விதித்தது. புகழ்பாடும் பக்கங்கள் இத்தடையை மட்டும் எடுத்துக் காட்டி, அதற்குமுன் அதே சபையின் கண்ணெதிரே ஆட்களைக் கப்பலேற்றிய வணிகத்தை விட்டுவிடுகின்றன. கழுத்தில் வளையம் பூட்டிய அடிமைச் சிறுவன் யேலுடன் நிற்கும் ஓவியம் அந்தப் பல்கலைக்கழகத்திலேயே இருக்கிறது.

யேலின் நாற்காலியில் அடுத்து அமர்ந்தவர் நத்தானியேல் ஹிக்கின்சன். கனெக்டிகட்டின் கில்ஃபோர்டில் பிறந்து, அமெரிக்க மண்ணிலேயே வளர்ந்து, 1670-இல் ஹார்வர்டில் பட்டம் பெற்று, சென்னையின் முதல் மேயராகவும் இருந்தவர் அவர். 'அமெரிக்க ஆளுநர்' என்ற அடைமொழி சென்னை வரலாற்றில் யாருக்காவது பொருந்துமென்றால் அது ஹிக்கின்சனுக்கே பொருந்தும். அவர் பொதிச் சரக்கு அனுப்பவில்லை என்பதுதான் குறை.