இரண்டு முட்டையை ஐவருக்குப் பங்கிடும் நெறி: சேக்காட்டுப் பொடிமாஸை முன்வைத்து ஓர் ஆய்வு

1. ஆய்வுச் சிக்கல்

முட்டை முழுமையானது. அதன் பெருமையும் அதுவே, குற்றமும் அதுவே. உலையில் ஒரு பிடி அரிசி கூட்டலாம். சாம்பாரில் ஒரு சொம்பு தண்ணீர் விடலாம். ஒன்றேகால் முட்டையை உடைத்து ஊற்றியவர் எவரும் இலர். ஆகவே வீட்டில் இரண்டு முட்டையும் ஐந்து வாயும் இருக்கும்போது, பின்னத்தைப் பொறுக்காத ஒரு பொருளைப் பின்னமாக்கும் கடமை அடுக்களையின் தலையில் விழுகிறது. இதனை ‘ஐவர் இருமுட்டைச் சிக்கல்’ என இக்கட்டுரை வழங்கும்.

இச்சிக்கலுக்கு நம்மவர் கண்ட விடை பொடிமாஸ். அவசரத்துக்குச் செய்வது பொடிமாஸ் என்பது பொதுக்கருத்து. அவசரம் அதன் வெளித்தோற்றமே. பங்கீடுதான் அதன் உட்பொருள் என்பது நம் துணிபு. அதனை நிறுவுதும்.

2. ஆய்வுக்களம்

சேக்காடு, ஆவடிக்கும் பட்டாபிராமுக்கும் இடையே சி.டி.எச். ரோட்டை ஒட்டிய ஊர்; 2019இல் மாநகராட்சியான ஆவடியின் பகுதி. ரயிலில் வருவோர் இந்து காலேஜ் நிலையத்தில் இறங்குவர். இவ்வூரைத் தேர்ந்தமைக்கு மூன்று காரணங்கள் உள.

முதலாவது, ஷிப்ட். ஆவடியில் 1961இல் கனரக வாகனத் தொழிற்சாலை எழுந்தது. 1965இல் அங்கிருந்து விஜயந்தா டாங்கி வெளிவந்தது. அம்பத்தூர் எஸ்டேட்டின் பட்டறைகள் இன்னொரு பக்கம். இத்தகைய வட்டாரத்தில் ஒரே வீட்டார் ஒரே நேரத்தில் வீடு திரும்புவது அரிது. முன்னால் வந்தவர் குழம்பை முடித்திருப்பார். பின்னால் வருபவருக்கு மிஞ்சுவது சோறும், ரசமும், பிரிட்ஜ் கதவில் இரண்டு முட்டையும்.

இரண்டாவது, வடக்கத்தித் தொடர்பு. மத்திய ரிசர்வ் போலீஸ் படையும் விமானப்படை நிலையமும் ஆவடியில் இருப்பதால், புர்ஜி என்னும் வடபுலத்து உறவினம் இங்கே அயலாரின் அடுப்பிலேயே காணக் கிடைக்கிறது. ஒப்பாய்வுக்கு ரயில் செலவு இல்லை.

மூன்றாவது, கோட்பாட்டுக் காரணம். 1955 ஜனவரியில் ஆவடியில்தான் காங்கிரஸ் மாநாடு கூடியது. தேபர் தலைமை, காமராசர் அப்போது முதலமைச்சர். சோஷலிச பாணிச் சமுதாயமே இலக்கு என்ற தீர்மானம் அங்கே நிறைவேறியது. உற்பத்தியைப் பெருக்குவது, நாட்டின் செல்வத்தை நியாயமாகப் பங்கிடுவது என்ற இரண்டையும் அது ஒருசேரக் கேட்டது. பங்கீட்டைப் பற்றி ஆராயப் புகுவோன் ஆவடியைத் தாண்டிப் போக வேண்டியதில்லை.

3. தொன்மை

பொடிமாஸ் சங்க காலத்தது என்று நிறுவ முனைவோர் வருங்காலத்தில் தோன்றக்கூடும். அவர்க்கு உதவியாகச் சில குறிப்புகள். உறையூருக்குக் கோழி என்றொரு பெயர் உண்டு. முருகன் கையில் சேவற்கொடி உண்டு. கோழி உண்டெனின் முட்டை உண்டு. முட்டை உண்டெனின் அது கைதவறி உடைந்த நாளும் உண்டு. இதுவரை தடையில்லை. ஆனால் மிளகாயும் தக்காளியும் அமெரிக்கக் கண்டத்துப் பயிர்கள். போர்த்துகீசியர் கப்பல்கள் வருவதற்கு முன் இந்நிலத்தில் மிளகாய் இல்லை. எனவே சங்க காலப் பொடிமாஸ் இருந்திருப்பின் அது மிளகுப் பொடிமாஸாகவே இருந்திருக்கும். இதற்கு மேல் சொன்னால் ஆய்வு விழாமேடைப் பேச்சாகிவிடும் என்று அஞ்சி நிறுத்துகிறோம்.

4. போட்டி வடிவங்களும் அவற்றின் பங்கீட்டுக் குறைகளும்

அவித்த முட்டை: தையல் நூலால் இரண்டாக அறுக்கலாம். ஆனால் மஞ்சள்கரு நடுவில் நிற்பதாக எந்தக் கோழியும் உறுதி தருவதில்லை. ஒரு பாதியில் மஞ்சள் மிகும். அப்பாதிக்கு இரண்டு பிள்ளைகள் கைநீட்டுவர். ஐந்தாக அறுப்பது கைகூடாத வேலை.

ஆஃப் பாயில்: தனியுடைமையின் உச்சம். பங்கிட முனைந்த கணமே மஞ்சள்கரு ஒழுகி உரிமை கோருவோர் அனைவருக்கும் நட்டமாகும்.

ஆம்லெட்: வட்டமாதலின் கோணம் பிரித்து வெட்டலாம் என்பர். ஓரம் மொறுமொறுப்பு, நடு மெத்தென்று இருப்பதால் பரப்பளவு சமமாயினும் சுவை சமமாகாது. மதுரைக் கரண்டி ஆம்லெட்டும் கொங்கு நாட்டுக் கலக்கியும் ஓர் ஆளுக்கு ஒன்று என்ற கணக்கில் பிறந்தவை, குடும்பத்துக்கு ஆகா.

பொடிமாஸ் ஒன்றே முட்டையின் தன்மையை எண்ணிக்கையிலிருந்து அளவைக்கு மாற்றுகிறது. உடைத்துக் கிளறிய பின் ‘எத்தனை முட்டை’ என்று கேட்பார் இல்லை. ‘எத்தனை கரண்டி’ என்றே கேட்பர். அன்றியும், ஓடு உடையும்போதே கலைந்த முட்டையும், திருப்புகையில் கிழிந்த ஆம்லெட்டும் இறுதியில் இதிலேயே வந்து அடைக்கலம் புகுகின்றன. எல்லாத் தோல்வியையும் ஏற்றுக்கொள்ளும் வடிவத்துக்குத் தோல்வி என்பது இல்லை.

5. அரசு கண்ட வழி

முட்டைப் பங்கீட்டில் தமிழக அரசுக்கு நீண்ட அனுபவம் உண்டு. 1982இல் எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டத்தைத் தொடங்கினார். 1989இல் கருணாநிதி ஆட்சியில் இரண்டு வாரத்துக்கு ஒரு முட்டை தட்டில் விழுந்தது. 2010இல் அது வாரத்துக்கு ஐந்தாயிற்று. நுணுகி நோக்குக: முட்டை பற்றாதபோதும் அரசு முட்டையைப் பிரிக்கவில்லை, நாட்களைப் பிரித்தது. பதினான்கு நாளைக்கு ஒன்று எனினும் முழுதாக ஒன்று. 2013இல் ஜெயலலிதா கலவை சாதத்தையும் மசாலா முட்டையையும் கொண்டுவந்தபோதும் முட்டை உருண்டையாகவே நின்றது.

காரணம் எளிது. அவித்த முட்டைக்குத் தணிக்கை செய்யலாம். நூறு பிள்ளைக்கு நூறு முட்டை, ஓட்டில் முத்திரை, எண்ணிப் பார்த்தால் கதை முடிந்தது. நூறு பிள்ளைக்கு நூறு முட்டைப் பொடிமாஸ் என்று கணக்கெழுதினால், உள்ளே அறுபதுதான் போயிற்று என்பதை எந்த அதிகாரியும் கண்டுபிடிக்க இயலாது. ஆக, அவித்த முட்டை ஐயத்தின் மேல் நிற்கிறது. பொடிமாஸ் நம்பிக்கையின் மேல் நிற்கிறது. அது பள்ளிக்கூடத்துக்கு வராமல் வீட்டோடு இருப்பதன் காரணமும் இதுவே.

6. செய்முறை

அடுக்களையில் எப்போதும் உள்ள பொருள்களே போதும்: முட்டை இரண்டு, பெரிய வெங்காயம் மூன்று, பச்சை மிளகாய் இரண்டு, கடுகு, உளுத்தம்பருப்பு, மஞ்சள்தூள், மிளகுத்தூள், உப்பு, எண்ணெய். கறிவேப்பிலை காய் வாங்குகையில் கொசுறாக வந்ததாதலின் செலவுக் கணக்கில் சேராது.

இரும்புச் சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் கடுகு வெடிக்க, பருப்பு சிவக்க, கறிவேப்பிலையும் மிளகாயும் இடுக. வெங்காயத்தைக் கொட்டி உப்பும் மஞ்சளும் சேர்த்து, ஈரம் வற்றும்வரை வதக்குக. தீயைத் தணித்து முட்டையை உடைத்து ஊற்றுக. ஊற்றிய உடன் கிளறுவது கன்றுக்குட்டித்தனம். அரை நிமிடம் பொறுத்து, அடி பிடிக்கும் தருவாயில் சுரண்டித் திருப்புக.

ஏனெனில் வெள்ளைக்கரு ஏறத்தாழ 62 டிகிரி செல்சியஸில் இறுகத் தொடங்கும். மஞ்சள்கரு 65க்கும் 70க்கும் இடையில் இறுகும். வெள்ளைக்கருவின் பெரும்பங்கான ஓவால்புமின் 80ஐ நெருங்கிய பிறகே வழிக்கு வரும். அதற்கு மேலும் வாட்டினால் புரதம் சுருங்கித் தன்னுள் பிடித்த நீரைப் பிழிந்துவிடும். அப்போது மிஞ்சுவது ரப்பர்த்துகளும் சட்டியடியில் ஈரமும். ஆகவே ‘இன்னும் கொஞ்சம் வேகணும்’ என்று தோன்றும்போதே அடுப்பை அணைக்க வேண்டும். மிச்ச வேலையைச் சட்டியின் சூடு பார்த்துக்கொள்ளும். மிளகுத்தூள் கடைசியில்.

7. வெங்காயக் கோட்பாடு

இனி இவ்வாய்வின் மையக் கண்டுபிடிப்பு. ‘ரெண்டு முட்டதாம்மா இருக்குது, கூட ஒரு வெங்காயம் அரிஞ்சுக்க’ என்று மாமியார் மருமகளிடம் சொல்லும் வாக்கியம் வெறும் சமையற்குறிப்பு அன்று, அது நிதிக்கொள்கை. கையிருப்புத் தங்கம் கூடாத நிலையில் நோட்டை அதிகம் அச்சடிக்கும் செயலே இது. இதனைச் ‘சேக்காட்டு முதல் விதி’யாகக் கொள்வோம்: உண்போர் கூடுந்தொறும் முட்டை கூடாது, வெங்காயம் கூடும்.

ஆயினும் வெங்காயத்தில் பத்தில் ஒன்பது பங்கு அளவுக்கு நீர். வதக்க வதக்க அது சுருங்கும். மலைபோல் அரிந்தது மடுவாய்ப் போகும். எனவே இரண்டாம் விதி: விருந்தினர் மிகுந்தால் வதக்கும் நேரம் குறைய வேண்டும். கண்ணாடிபோல் ஆனதும் முட்டையை ஊற்றினால் ஐவர்க்குக் காணும். பொன்னிறம் வரை வதக்கினால் சுவை கூடி மூவர்க்கே காணும். சுவைக்கும் தலைக்கணக்குக்கும் இடையே உள்ள இப்பகை, பொருளியலறிஞர் எவரும் தீர்த்துவைக்காதது.

இக்கோட்பாடு ஒருமுறை கவிழ்ந்ததும் உண்டு. 2019 டிசம்பரில் சென்னையில் வெங்காயம் கிலோ நூறு ரூபாயைத் தாண்டியது. நூறு கிராம் வெங்காயம் ஒன்று பத்து ரூபாய்க்கும் மேல். முட்டை அதைவிட மலிவு. முட்டையை வெங்காயத்தால் நீட்டிய மரபு தலைகீழாகி, வெங்காயத்தை முட்டையால் நீட்ட வேண்டிய காலம் வந்தது. நாமக்கல்லின் அன்றாட முட்டை விலையைச் செய்தித்தாளில் பார்க்கும் பழக்கமுள்ளோர் அம்மாதம் வெங்காய விலையையும் சேர்த்துப் பார்த்தனர்.

8. மறுப்பும் மறுமொழியும்

தக்காளி சேர்த்தால் இன்னும் பெருகுமே என்பாரும் உளர். பெருகும், ஆனால் குழையும். உதிரியாக இருப்பதே பொடிமாஸின் நீதி. குழைந்தால் ஒரு கரண்டியில் எவ்வளவு வரும் என்பது அள்ளுபவரின் மணிக்கட்டைப் பொறுத்ததாகிவிடும். வடபுலத்துப் புர்ஜி தக்காளியை ஏற்கும். அது பாவ் பன்னோடும் சப்பாத்தியோடும் தொட்டுக்கொள்வதற்கானது. ரசஞ்சோற்றுக்குப் பக்கத்தில் அமர வேண்டிய பொடிமாஸுக்கு அவ்வுரிமை இல்லை.

இன்னும் மூன்று முட்டை வாங்கிவந்தால் சிக்கலே இல்லையே என்பது அடுத்த மறுப்பு. உற்பத்தியைப் பெருக்கு என்ற ஆவடித் தீர்மானத்தின் முற்பாதி இது. இரவு பத்து மணிக்கு அண்ணாச்சி கடை ஷட்டரை இறக்கிய பின் முற்பாதிக்கு வழியில்லை, பிற்பாதியே கதி.

9. முடிவுகள்

அ. பொடிமாஸ் விரைவு உணவு அன்று. முட்டைக்கு ஆவது இரண்டு நிமிடம். மற்ற நேரம் எல்லாம் வெங்காயத்துக்கே. பெயர் மட்டும் முட்டைக்கு.

ஆ. அது பகிர்வு உணவு. எண்ண முடியாததாக ஆக்கியதாலேயே பகிர முடிவதாக ஆயிற்று.

இ. அப்பகிர்வில் ஒரு கணக்குப் பிழை நிலையாக உள்ளது. ஐவர் வீட்டில் பரிமாறுபவர் கரண்டியை எடுத்ததும் பொடிமாஸை நான்காகவே வகுக்கிறார். வகுக்கும் எண்ணில் தன்னைச் சேர்ப்பதில்லை. நால்வர்க்கும் சமமாக விழுகிறது. சோஷலிசம் வாசற்படி வரை வந்து, அடுப்படிக்குள் நுழையாமல் நின்றுவிடுகிறது. அவர் காலிச் சட்டியில் சோற்றைப் போட்டு, அடியில் ஒட்டிய மொறுமொறுப்போடு பிசைந்து உண்கிறார். அதுதான் ருசி என்று மற்ற நால்வரும் சான்று பகர்கின்றனர். அச்சான்றை இவ்வாய்வு ஏற்கவில்லை. அது சட்டியைத் தொடாதவர்களின் சாட்சியம்.

ஈ. எனவே பரிந்துரை ஒன்றே: சமைத்தவர் கரண்டியைப் பிறர் கையில் கொடுத்துவிட்டு முதலில் தட்டோடு உட்கார வேண்டும். அன்றைக்குச் சட்டியில் சோறு பிசைந்து தின்னும் முறை, அந்த ருசிக்குச் சாட்சி சொன்ன நால்வரில் ஒருவருடையது.