அறுபதாம் படி கோர்ட்டு

எல்லா ஊரிலும் சாமிகளுக்கு இலாகா பிரித்துக் கொடுத்திருக்கிறார்கள். மழைக்கு ஒருவர், அம்மைக்கு ஒருத்தி, பரீட்சைக்கு ஒருவர். சத்தியத்துக்கும் ஒப்பந்தத்துக்கும் தனியாக ஓர் இலாகா ஒதுக்கியபோதுதான் மனுசன் தன்னைப் பற்றி முழு வாக்குமூலம் கொடுத்துவிட்டான். ஒருத்தன் பேச்சை இன்னொருத்தன் நம்பியிருந்தால் அந்த இலாகாவே தேவைப்பட்டிருக்காது. சுமார் 3,300 வருஷத்துக்கு முன்னால், இன்றைய துருக்கிப் பக்கம், ஹிட்டைட் ராஜாவும் மித்தானி ராஜாவும் ஓர் உடன்படிக்கை போட்டார்கள். களிமண் பலகையில் எழுதிய அந்தப் பத்திரத்துக்கு மித்திரன், வருணன், இந்திரன் எல்லாரும் சாட்சி. இந்திரனை நம்பிச் சாட்சிக்குக் கூப்பிட்டவர்கள் அகலிகை கேஸைக் கேள்விப்பட்டதில்லை போலிருக்கிறது.

தமிழ்நாட்டில் சாமி சாட்சியோடு நிற்கவில்லை, வாதியாகவே வந்தார். பெரியபுராணக் கதை எல்லாருக்கும் தெரியும். புத்தூரில் சுந்தரர் கல்யாணம். முகூர்த்த நேரத்தில் ஒரு கிழவர் வந்து, 'இந்த மாப்பிள்ளை எனக்கு அடிமை, இவன் தாத்தா எழுதிக் கொடுத்த ஓலை இருக்கிறது' என்கிறார். மாப்பிள்ளை அதைப் பிடுங்கிக் கிழித்துப் போடுகிறார். கிழவர் அசரவில்லை. கிழித்தது நகல்தான், அசல் பத்திரமாக இருக்கிறது என்கிறார். வழக்கு திருவெண்ணெய்நல்லூர்ச் சபைக்குப் போகிறது. தாத்தாவின் வேறொரு கையெழுத்தை எடுத்து ஒப்பிட்டுப் பார்த்து, தீர்ப்பு கிழவர் பக்கம். ஒரிஜினலைக் கையோடு கொண்டுவராமல் ஜெராக்ஸை நீட்டுகிற வழக்கத்துக்குச் சிவபெருமானே முன்னோடி.

அதே சுந்தரர் பிறகு திருவொற்றியூரில் சங்கிலியாரைக் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டார். திருவாரூரில் ஏற்கெனவே பரவையார் இருக்கிறார். 'உன்னைப் பிரியமாட்டேன்' என்று சன்னதியில் சத்தியம் பண்ணவேண்டும். அனுபவஸ்தர் அல்லவா, சாமியிடமே போய், 'நான் சத்தியம் பண்ணுகிற நேரத்துக்கு நீங்கள் உள்ளே இருக்கவேண்டாம், கொஞ்சம் மகிழமரத்தடியில் போய் இருங்கள்' என்று ஏற்பாடு செய்துகொண்டார். சாமியும் சரி என்றார். சரி என்ற கையோடு எதிர்த்தரப்பின் கனவில் போய், 'சத்தியத்தை மகிழமரத்தடியில் வாங்கு' என்று சொல்லிவிட்டார். இரண்டு கட்சிக்கும் ஒரே வக்கீல். சுந்தரர் மாட்டிக்கொண்டார், சத்தியத்தை மீறி ஊரைத் தாண்டினார், இரண்டு கண்ணும் போயிற்று. கெஞ்சிக் கூத்தாடி ஒரு கண்ணைக் காஞ்சிபுரத்திலும் இன்னொன்றைத் திருவாரூரிலும் தவணை முறையில் மீட்டார்.

இந்த இலாகாவுக்குச் சேலம், நாமக்கல் சீமையில் கிளை அலுவலகம் திருச்செங்கோட்டு மலை. மேலே அர்த்தநாரீசுவரர், செங்கோட்டு வேலவர், ஆதிகேசவப் பெருமாள். மூவர் அமர்வு. அதிலும் தலைமை நீதிபதி தன் உடம்பையே சரிபாதியாகப் பங்கு வைத்துக் கொடுத்தவர். பாகப்பிரிவினைக் கேஸுக்கு இவரைவிடப் பொருத்தமான ஆள் கிடைக்கமாட்டார். ஆனால் விசாரணை சன்னதியில் இல்லை, மலையேறும் வழியிலேயே முடிந்துவிடும். அங்கே அறுபது படிகள், சத்தியவாக்குப் படிகள். தீராத வழக்குக்காரர்கள் அறுபதாம் படியில் நின்று சத்தியம் செய்தால் அது கோர்ட்டுத் தீர்ப்புக்குச் சமம் என்பது ஊர் வழக்கு. பொய்ச்சத்தியம் செய்தவன் குடும்பம் விளங்காது என்பது உபரி எச்சரிக்கை.

கிணற்றுப் பங்கு, வரப்பு, கைமாத்து என்று பங்காளிகளுக்குச் சண்டை போட விஷயத்துக்கா பஞ்சம்? காட்சி இப்படித்தான் ஓடியிருக்கும்.

"பணம் வாங்குலீன்னா படியேறிச் சொல்றா தம்பி."

"சொல்றனுங்ணா. எனக்கென்ன பயம்?"

இருபதாம் படி வரை வீரம். நாற்பதில் தம்பிக்கு முட்டி வலி வந்துவிடும். ஐம்பதில், "ஏனுங்ணா, நமக்குள்ள எதுக்குங்ணா சாமி, சத்தியமெல்லாம்? பாதி நான் தர்றன், மீதிய நீங்க உட்ருங்க." மடியில் கனமிருந்தால் வழியில் பயம். சாமி வாயே திறக்காமல் கேஸ் பைசல். தண்டிப்பதில் அல்ல, ஏறுகிறவனுக்கு யோசிக்க நேரம் கொடுப்பதில்தான் அந்தப் படிகளின் சாமர்த்தியம். வேண்டாமென்றால் திரும்பி இறங்கிப் போகலாம், யாரும் பிடித்துவைக்க மாட்டார்கள்.

1792-இல் திப்பு சுல்தான் தோற்று, சேலம் சீமை கம்பெனி கைக்கு வந்தது. அலெக்சாண்டர் ரீடும் அவருடைய உதவியாளர் தாமஸ் மன்றோவும் காடு மேடெல்லாம் அளந்து, குடியானவன் ஒவ்வொருவனிடமும் கம்பெனி நேரடியாக வரி வாங்கும் ஏற்பாட்டுக்கு இங்கேதான் அடிபோட்டார்கள். சாமிக்குப் போட்டியாகக் காகிதம் வந்த கதை இது. ஆனால் காகிதத்துக்கும் மனுசனை நம்பத் தைரியம் வரவில்லை. 1872-இல் ஒப்பந்தச் சட்டம் போட்ட வெள்ளைக்காரன், அடுத்த வருஷமே சத்தியச் சட்டமும் போட்டான். 'எதிராளி இன்ன மாதிரி சத்தியம் பண்ணினால் நான் கட்டுப்படுகிறேன்' என்று ஒரு கட்சி சொல்லலாம். அவன் பண்ணிவிட்டால் அந்தச் சாட்சியமே முடிவான அத்தாட்சி, மேற்கொண்டு பேச்சில்லை. கோர்ட்டுக்கு வெளியே பண்ணுவது சௌகரியமென்றால் அதற்கொரு கமிஷனரை அனுப்பவும் இடமிருந்தது. கோட்டும் தொப்பியும் போட்ட ஒருவர் கட்டுக் காகிதத்தோடு மூச்சு வாங்கப் படியேறுவதைச் சட்டம் தடுக்கவில்லை.

அந்தச் சட்டத்தில் இரண்டு நிபந்தனை எனக்கு ரொம்பப் பிடித்தவை. ஒன்று, சத்தியம் மூன்றாம் மனுசரைப் பாதிக்கக்கூடாது. 'என் பிள்ளை மேல் ஆணை' என்று அடுத்தவர் தலையில் கை வைப்பதெல்லாம் செல்லாது. சாகிற ரிஸ்க் சொந்த ரிஸ்க்காக இருக்கவேண்டும். இரண்டு, மாட்டேன் என்கிறவனைக் கட்டாயப்படுத்தக்கூடாது. அவன் மறுத்ததையும், காரணம் சொன்னால் அந்தக் காரணத்தையும் எழுதிவைத்தால் போதும். மலைப்படிக்குத் தெரிந்த விஷயத்தைச் சட்டமும் ஒப்புக்கொண்டிருக்கிறது. 1969-இல் வந்த புதுச் சட்டம் இந்த விசேஷ சத்தியத்தையே தூக்கிவிட்டது. அதோடு சாமிக்குக் கோர்ட்டு உத்தியோகம் போனது. இப்போது அந்த வேலையைப் பார்ப்பது புரோநோட்டும் ரெவின்யூ ஸ்டாம்பும்.

கடைசியாக ஒரு கேஸ். இதே கோயிலைச் சுற்றி நடக்கிற பெருமாள்முருகனின் 'மாதொருபாகன்' நாவல் வந்தது 2010-இல். எதிர்ப்பு கிளம்ப நாலு வருஷம் ஆயிற்று. 2015 ஜனவரி 12-இல் நாமக்கல்லில் அதிகாரிகள் முன்னிலையில் 'சமாதானக் கூட்டம்'. நிபந்தனையில்லாத மன்னிப்பு, விற்காத பிரதிகள் வாபஸ் என்று எழுத்தாளரிடம் கையெழுத்து வாங்கினார்கள். சத்தியவாக்குப் படி இருக்கிற ஊருக்காரர்கள், இறங்கிப் போக வழியில்லாத படியில் ஓர் ஆளை நிறுத்திக் கையெழுத்து வாங்கியதுதான் இந்த வரலாற்றின் பெரிய நகைச்சுவை. 2016 ஜூலை 5-இல் சென்னை உயர்நீதிமன்றத்தில் தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கவுல் அமர்வு, அந்த உடன்பாடு யாரையும் கட்டுப்படுத்தாது என்று தீர்ப்புச் சொன்னது.

யாராவது உங்களிடம் சத்தியமோ கையெழுத்தோ கேட்டால், 'மாட்டேன்' என்று சொல்ல அங்கே இடமிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இடமில்லாத இடத்தில் வாங்கிய வாக்கு செல்லாது. இந்த ஒரு விஷயத்தில் அறுபதாம் படியும், 1873-ஆம் வருஷச் சட்டமும், 2016-ஆம் வருஷத் தீர்ப்பும் ஒரே கட்சி.