பெட்டியில் பூட்டிய காதல்

கேள்வி: கவிஞர்கள் ராபர்ட் பிரௌனிங்கும் எலிசபெத் பேரட்டும் எழுதிக்கொண்ட காதல் கடிதங்களை, பெற்ற பிள்ளையே புத்தகமாகப் போட்டுவிட்டாராமே! இது அடுக்குமா?

பதில்: தாராளமாக அடுக்கும். அடுக்கி வைத்ததே அப்பாதான்! தன் மற்ற கடிதங்களைத் தீயில் போட்ட ராபர்ட், இவற்றை மட்டும் உறைமேல் வரிசை எண் எழுதி, ஒரு பெட்டிக்குள் கச்சிதமாக வைத்திருந்தார். என் காலத்துக்குப் பிறகு உன் இஷ்டம் என்று மகனிடம் சொல்லியும் விட்டார். 1899-ல் இரண்டு தொகுதிகளாக வெளிவந்தன.

1845 ஜனவரி 10-ல் எழுதிய முதல் கடிதத்திலேயே, முகம் பார்த்திராத எலிசபெத்திடம் உங்கள் கவிதைகளையும் நேசிக்கிறேன், உங்களையும் நேசிக்கிறேன் என்று சொல்லிவிட்டார் மனுஷர். நேரில் பார்த்ததே மே மாதம்தான்! இருபது மாதங்களில் 570-க்கும் மேல் கடிதங்கள். பிள்ளைகள் கல்யாணம் செய்துகொள்ளவே கூடாது என்ற எலிசபெத்தின் அப்பாவுக்குத் தெரியாமல், 1846 செப்டம்பரில் லண்டன் தேவாலயத்தில் திருமணம். ஒரே வாரத்தில் பணிப்பெண்ணோடும் செல்ல நாயோடும் இத்தாலிக்குப் பயணம்.

மன்னிப்புக் கேட்டு மகள் எழுதிய கடிதங்களைப் பிரிக்காமலே திருப்பி அனுப்பினார் தாத்தா. பேரனோ உலகத்துக்கே பிரித்துக் காட்டினார். என் ஓட்டு பேரனுக்கே!