கருத்தியலாக 21 மாதங்கள்

நீதிமன்ற ஆணைக்கு வேண்டுமென்றே கீழ்ப்படியாதிருப்பதை 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் உரிமையியல் அவமதிப்பு என வரையறுத்து, ஆறு மாதம் வரை வெறுங்காவலோ 2,000 ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விதிக்க இடந்தருகிறது. கேட்கப்படும் மன்னிப்பு நீதிமன்றத்துக்கு நிறைவளித்தால் தண்டனையைத் தள்ளுபடி செய்யவும் வழியுண்டு. ஊதியத் திருத்தம் தாமதமானபோது இச்சட்டம் யார்மீது பாய்ந்தது என்பது குறித்துப் புளியங்குடி எலுமிச்சைச் சந்தையில் மண்டிக்காரர் ஒருவருக்கும், ஓய்வுபெற்ற அலுவலகக் கண்காணிப்பாளர் ஒருவருக்கும் எழுந்த வாதம், ஏலம் முடிந்து சாக்குகள் தைக்கப்பட்ட பிறகும் ஓயவில்லை.

மண்டிக்காரர்: சம்பளத்தை உயர்த்தாமல் இழுத்தடித்தது அரசு; அவமதிப்பு வழக்கு மட்டும் ஊழியர்மீது வந்தது எப்படி, சார்?

கண்காணிப்பாளர்: முறைப்படிதான் வந்தது, அண்ணாச்சி. ஏழாவது ஊதியக்குழுப் பரிந்துரையைச் செயல்படுத்தக் கோரி ஜாக்டோ-ஜியோ, அதாவது ஆசிரியர், அரசு ஊழியர் சங்கங்களின் கூட்டு நடவடிக்கைக் குழு, 2017 செப்டம்பரில் வேலைநிறுத்தத்தில் இறங்கியது. 7-ஆம் தேதி உயர்நீதிமன்ற மதுரைக் கிளை தடை விதித்தது. தடையை மீறியதால் அவமதிப்பு. 15-ஆம் தேதி தலைவர்கள் நேரில் நின்றார்கள், வேலைநிறுத்தம் வாபஸானது. அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் அடிப்படை உரிமையன்று என்று உச்சநீதிமன்றம் 2003-இலேயே, அதுவும் தமிழ்நாட்டு வழக்கில்தான், சொல்லிவிட்டதல்லவா?

மண்டிக்காரர்: எட்டே நாளில் நீதி! கேட்டவர்களுக்கு இவ்வளவு விரைவு என்றால், கொடுக்க வேண்டியவர்களுக்கு?

கண்காணிப்பாளர்: அவர்களையும் விடவில்லை. தலைமைச் செயலாளரே 21-ஆம் தேதி மதுரைக்கு வந்து பதில் சொன்னார். 27-ஆம் தேதி ஊதியத் திருத்தத்தை ஆராய்ந்த அலுவலர் குழு அறிக்கை கொடுத்தது. அக்டோபர் 11-இல் அரசாணை 303 வெளிவந்தது. கோப்பு அவ்வளவு வேகமாக நகர்ந்ததைப் பணிக்காலம் முழுவதிலும் கண்டதில்லை.

மண்டிக்காரர்: கையில் எவ்வளவு வந்தது?

கண்காணிப்பாளர்: பழைய அடிப்படை ஊதியமும் தர ஊதியமும் சேர்ந்து 10,000 ரூபாய் என்றால், 2016 ஜனவரியில் 125 விழுக்காடு அகவிலைப்படியோடு அது 22,500 ஆகும், 2.57-ஆல் பெருக்கினால் புதிய ஊதியம் 25,700. மாதம் 3,200 ரூபாய் கூடுதல். பணிப்பதிவேட்டில் 1.1.2016 முதல் அப்படியே பதிந்தார்கள், கருத்தியலாக.

மண்டிக்காரர்: கருத்தியலாக என்றால்?

கண்காணிப்பாளர்: ஊதியம் அன்றே உயர்ந்ததாகக் கணக்கு, பணம் மட்டும் 1.10.2017 முதல்.

மண்டிக்காரர்: அப்படியானால் இடையிலுள்ள 21 மாத நிலுவை ஏட்டில் ஏறியது, பையில் ஏறவில்லை. காய் கொண்டுவந்த சம்சாரியிடம், “தை மாதமே கருத்தியலாக விலை ஏறிவிட்டது, பட்டுவாடா மட்டும் அடுத்த ஐப்பசியில்” என்று சிட்டை எழுதிக் கொடுத்தால், அந்த மண்டி மறுநாள் திறக்குமா?

கண்காணிப்பாளர்: மண்டிக்கு நிதித்துறை கிடையாது, அண்ணாச்சி.

மண்டிக்காரர்: அந்த நிலுவைக்காக ஓர் அவமதிப்பு மனு போடலாமே.

கண்காணிப்பாளர்: எந்த ஆணையை மீறினார்கள்? நீதிமன்றம் முடிவெடுக்கச் சொன்னது, எடுத்தார்கள். மீறியிருந்தாலும் ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்க வேண்டும் என்கிறது சட்டத்தின் 20-ஆம் பிரிவு. காலம் தாழ்த்தியவர்மீது காலம் தாழ்த்தி வழக்குப் போட முடியாது.

மண்டிக்காரர்: 1.1.2016 முதல் நிலுவையை ரொக்கமாக வாங்கியவர் எவருமே இல்லையா?

கண்காணிப்பாளர் சற்றுத் தயங்கினார்.

கண்காணிப்பாளர்: கீழமை நீதிமன்ற நீதிபதிகள் இருக்கிறார்கள். அவர்களுக்கான இரண்டாவது தேசிய நீதித்துறை ஊதியக்குழுவின் உயர்வும் அதே தேதியிலிருந்துதான். நிலுவையை ரொக்கமாகவே கொடுக்கும்படி உச்சநீதிமன்றம் தவணைகூட வகுத்தது. குழுவின் பரிந்துரைகளைச் செயல்படுத்தத் தாமதித்த பல மாநிலங்களின் தலைமைச் செயலாளர்களை 2024 ஆகஸ்டில் டெல்லிக்கே வரவழைத்தது.

மண்டிக்காரர்: சார், வீட்டில் குரூப் 4 தேர்வுக்குப் படிக்கும் பேரனை நாளைக்கே சட்டக் கல்லூரியில் சேர்த்துவிடுங்கள்.