வேளச்சேரிக் கட்டடங்களின் உருமாற்றம்: வாசற்படியை முன்வைத்து ஓர் ஆய்வு

மாயக் கதைகளில் கட்டடங்கள் சும்மா நிற்பதில்லை. மயன் கட்டிய திரிபுரங்கள் வானில் திரிந்தன. ஆர்க்கிகிராம் கட்டடக்கலைக் குழுவின் ரான் ஹெரான் 1964-ல் கால் முளைத்து நடக்கும் நகரத்தை வரைந்தார். மியாசாகியின் 2004 திரைப்படத்தில் ஒரு கோட்டையே புகை கக்கியபடி நடந்து போனது. இவையெல்லாம் கற்பனை என்று உலகம் இன்னமும் நம்புவதற்குக் காரணம், அறிஞர் பெருமக்கள் எவரும் வேளச்சேரி விஜயநகர் பேருந்து நிலையத்தில் இறங்கி உள்தெருக்களில் நடக்காததே. அக்குறையைப் போக்க எழுந்தது இவ்வாய்வு.

களம்: வேளச்சேரி ஏரிக்கும் பள்ளிக்கரணைச் சதுப்பு நிலத்துக்கும் நடுவே உள்ள தாழ்ந்த பூமி. தண்ணீர் போகும் பாதையில் மனிதர்கள் மனை வாங்கினார்கள். சதுப்பு நிலத்துக்கு 2022-ல் ஈரநிலங்களுக்கான ராம்சர் அங்கீகாரம் கிடைத்தது. மனை வாங்கியவர்களுக்குப் பட்டாவும் ஈரமும் கிடைத்தன.

அளவுகோல்: வாசற்படி. இதற்குக் கருவி எதுவும் வேண்டாம். தெருவின் மூத்த குடியிருப்பாளர் ஒருவர் போதும். “நாங்க குடிவந்தப்ப அஞ்சு படி ஏறணும் தம்பி. இப்ப ரெண்டு படி இறங்கணும்” என்பார். ஏறுபடி இறங்குபடியாகும் இந்த அதிசயத்துக்குக் கணக்கு உண்டு. பழைய தாரைச் சுரண்டாமல் அதன்மேலேயே புதுத் தார் போட்டால், ஒவ்வொரு முறையும் சாலை 3 முதல் 5 சென்டிமீட்டர் உயரும். ஒரு படியின் உயரம் சுமார் 15 சென்டிமீட்டர். ஆக, மூன்றிலிருந்து ஐந்து முறை சாலை போட்டால் ஒரு படி காலி. இதை ‘வேளச்சேரி விதி’ என்று அழைக்க அனுமதி கோருகிறோம்.

இவ்விதிக்கு ஆட்பட்ட கட்டடங்கள் மூவகைப்படும்.

முதலாவது, மூழ்கும் இனம். தரைத்தள ஜன்னலில் ஒரு காலத்தில் எதிர்வீட்டு மாமரம் தெரிந்தது. இப்போது போகிறவர் வருகிறவரின் முழங்கால் தெரிகிறது. வெளிப்பக்கம் திறந்த கேட் சாலையில் இடிக்க, அதன் அடிப்பாகம் வெட்டப்படுகிறது. காம்பவுண்டு சுவர் குள்ளமாகிவிட்டதால் மேலே இரண்டு வரிசை ஹாலோ பிளாக் ஏறுகிறது. சம்ப் மூடியும் உயர்கிறது. கடைசியில் மழைநீரைத் தடுக்க வாசலில் முழங்கால் உயரத்துக்கு ஒரு குட்டிச்சுவர் எழும்புகிறது. விருந்தாளிகள் அதைத் தாண்டிக் குதித்தே உள்ளே வருகிறார்கள். கல்யாணப் பத்திரிகை வைக்க வரும் பெரியவர்களுக்கு இது உடற்பயிற்சி.

இரண்டாவது, கால் முளைத்த இனம். 2015 டிசம்பர் பெருமழையில், தாம்பரத்தில் 24 மணி நேரத்தில் 49 சென்டிமீட்டர் பதிவான அந்த நாளில், தரைத்தளம் என்ற கருத்தே இங்கு மதிப்பிழந்தது. ஸ்டில்ட் எனும் தூண் தளம் வைக்காத புது அடுக்ககத்தை வாங்க ஆட்கள் யோசிக்கிறார்கள். ஹெரான் வரைந்த கால்கள் வேளச்சேரியில் முளைத்துவிட்டன, நடப்பதுதான் பாக்கி. அந்தக் கால்களுக்கு நடுவே நிற்பது கார். ஆனால் 2024 அக்டோபரில் மழை எச்சரிக்கை வந்ததுமே கார்கள் ஸ்டில்ட்டை நம்பாமல் வேளச்சேரி மேம்பாலத்தில் ஏறி வரிசைகட்டின. கட்டடம் காருக்காகக் கால் வளர்த்தது. கார் கட்டடத்தைக் கைவிட்டது.

மூன்றாவது, எழும்பும் இனம். பழைய வீட்டை இடிக்க மனமில்லாதவர்கள் அடித்தளத்தைச் சுற்றித் தோண்டி, சுவரடியில் ஜாக்கிகளைச் செருகி, எல்லாவற்றையும் ஒரே சீராகத் திருகி, வீட்டை அப்படியே சில அடி உயர்த்துகிறார்கள். இடைவெளியில் செங்கல் கட்டு ஏறுகிறது. பிறகு சாலையும் உயர்கிறது. பந்தயம் தொடர்கிறது.

மறுப்பு: ‘வீடு தூக்குவது அமெரிக்காவிலும் நடந்ததே’ என்பர். உண்மை. சிகாகோவில் 1860-ல் லேக் தெருவின் ஒரு முழுக் கட்டட வரிசையைச் சுமார் 600 பேர் 6,000 திருகு ஜாக்கிகளால் உயர்த்தினார்கள். உள்ளே கடைகளில் வியாபாரம் நடந்துகொண்டிருந்தது. ஆனால் அங்கே கழிவுநீர்க் குழாய் பதிக்கவேண்டிச் சாலை எவ்வளவு உயர வேண்டும் என்று முன்கூட்டியே தீர்மானித்தார்கள். கட்டடங்கள் ஒருமுறை எழுந்து நின்றுவிட்டன. நம் சாலையின் இறுதி உயரத்தை யாரும் தீர்மானிக்கவில்லை. அது ஒப்பந்தத்துக்கு ஒப்பந்தம் வளர்கிறது.

‘உரிமையாளர்களே வாஸ்துவுக்கும் வாடகைக்கும் ஆசைப்பட்டு எலிவேஷனை மாற்றுகிறார்கள்’ என்பது இரண்டாம் மறுப்பு. 2007-ல் பறக்கும் ரயிலும் 2013-ல் பீனிக்ஸ் மாலும் வந்தபின் வீட்டு முகப்புகள் பிரியாணிக் கடையாக, மருந்துக் கடையாக வேடம் மாற்றியது மெய்தான். ஆனால் அது அலங்காரம். கேட்டை வெட்டுவதை யாரும் அழகுக்காகச் செய்வதில்லை.

முடிவு: வேளச்சேரியில் வடிவம் மாறுவது வீடு அல்ல, சாலை. வீடு அதற்குப் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறது. மருந்தும் புதிதன்று. பழைய தாரைச் சுரண்டி எடுத்தபின்பே புதுச் சாலை போடவேண்டும் என்று 2021 மே மாதத்திலேயே அப்போதைய தலைமைச் செயலர் வெ. இறையன்பு அறிவுறுத்திவிட்டார். ஆகவே, உங்கள் தெருவில் தார் லாரி வந்து நின்றால், சுரண்டும் இயந்திரம் முன்னால் வந்ததா என்று இறங்கிப்போய்க் கேளுங்கள். வரவில்லை என்றால் வேலை தொடங்குமுன்பே புகார் கொடுங்கள். தார் ஆறியபின் கொடுத்தால் ஜாக்கிக்காரரின் எண்தான் தேவைப்படும்.