அபராதத்திலும் பேரம் பேசியவர்

(சென்னப்பட்டணத்து கவர்னராகவும் இங்கிலாந்தில் எம்.பி.யாகவும் இருந்த தாமஸ் பிட் பற்றி வந்த கேள்விகளை மட்டும் இந்த வாரம் எடுத்துக்கொண்டேன்.)

கேள்வி: தாமஸ் பிட் கள்ள வியாபாரி என்கிறார்களே, அவரை எப்படி கவர்னராக்கினார்கள்? (திருச்சி)

டார்செட் பக்கத்துப் பாதிரியார் ஒருவரின் பிள்ளை, பிறந்தது 1653. இந்திய வியாபாரம் முழுவதும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கே என்று ராஜ உத்தரவு இருந்த காலம். பிட் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பாலசோரில் இறங்கி, சொந்தமாகச் சரக்கு வாங்கி விற்றார். கம்பெனி வழக்குப் போட்டது. 1000 பவுண்டு அபராதம் விழுந்தது. கடைசியில் அது 400 ஆகக் குறைந்தது. எவ்வளவு விரட்டியும் அடங்காத ஆளிடம் 1697-ல் கம்பெனியே சென்னப்பட்டணத்தின் சாவியைக் கொடுத்தது. வேலி தாண்டுகிற மாட்டுக்குத்தானே எங்கே இடைவெளி என்று தெரியும்!

கேள்வி: ஓட்டுக்குப் பணம் கொடுத்துத்தான் எம்.பி. ஆனாரா? (மதுரை)

சேச்சே, அவ்வளவு சில்லறைத்தனம் கிடையாது. தொகுதியையே வாங்கிவிட்டார். சாலிஸ்பரி அருகே ஓல்டு சாரம் என்று ஒரு மேடு. ஒரு காலத்தில் கோட்டையும் தேவாலயமுமாக இருந்த ஊர். பிட் காலத்தில் குடியிருப்பு என்று சொல்ல ஒன்றும் மிச்சமில்லை. ஆனால் அந்த மேட்டுக்குப் பாராளுமன்றத்தில் இரண்டு இடங்கள் இருந்தன! குறிப்பிட்ட சில மனைகள் யார் கையிலோ, ஓட்டும் அவர்கள் கையில். அந்த நிலங்களை வாங்கிப்போட்டால் யார் ஜெயிக்க வேண்டும் என்பதை வீட்டிலேயே உட்கார்ந்து முடிவு செய்துகொள்ளலாம். வாக்காளர் பட்டியலில் இறந்தவர் பெயர் இருப்பதாக நாம் புலம்புகிறோம். அங்கே இறந்துபோன ஊரே எம்.பி. அனுப்பிக்கொண்டிருந்தது. 1832-ல்தான் அதற்குக் கருமாதி செய்தார்கள்.

கேள்வி: கவர்னர் சம்பளத்தில் வைரம் வாங்க முடியுமா? (கோவை)

ஆண்டுக்குச் சுமார் 300 பவுண்டு சம்பளம். அவர் கவர்னராக இருந்தபோது இங்கே வாங்கிய பெரிய வைரத்தின் விலை 20,000 பவுண்டுக்கு மேல். சாப்பிடாமல் கொள்ளாமல் அறுபது வருஷத்துக்கு மேல் சேர்த்திருக்க வேண்டும். கம்பெனி ஊழியர்கள் ஆசியத் துறைமுகங்களுக்கு இடையே சொந்த வியாபாரம் செய்ய அனுமதி இருந்தது என்பதை நியாயத்துக்காகச் சொல்லிவைக்கிறேன்.

கேள்வி: அந்த வைரத்தை அடித்துப் பிடுங்கியதாகச் சொல்கிறார்களே? (திருநெல்வேலி)

அந்தப் புரளி அவர் காதுக்கும் எட்டியது. 1709-ல் பதவி போய், ஊர் திரும்பும் வழியில் நார்வேயின் பெர்கன் துறைமுகத்தில் உட்கார்ந்து, நடந்ததை எல்லாம் எழுதிவைத்தார். அதன்படி கதை இது. கல் 410 காரட். ஜாம்சந்த் என்ற வைர வியாபாரி சொன்ன முதல் விலை இரண்டு லட்சம் வராகன் (அக்காலப் பொற்காசு). பேசிப் பேசி அவர் 55,000-க்கு இறங்கினார். பிட் 45,000-க்கு ஏறினார். அதற்குமேல் இருவரும் அசையவில்லை. கல்லைத் திருப்பிக் கொடுத்து, முகம் கோணாமல் விடைபெற்றுக்கொண்டார்கள். ஒரு மணி நேரத்தில் ஜாம்சந்த், வேங்கட செட்டி என்ற தரகரோடு வாசலில் நிற்கிறார். 50,000 என்கிறார். நடுவே இருக்கும் ஐயாயிரத்தை ஆளுக்குப் பாதியாகப் பிரிப்போம் என்கிறார் பிட். முடியாது என்று கிளம்பியவர் கதவருகே திரும்பி 49,000 என்கிறார். பிட் தான் சொன்ன கணக்கிலேயே நிற்கிறார். 48,000, இதற்குக் கீழே ஒரு வராகன்கூடக் குறையாது என்று ஜாம்சந்த் சத்தியம் செய்ய, முடிந்தது பேரம். மேலே சொன்ன 20,000 பவுண்டுச் சொச்சம் இதுதான்.

நான் இதை நம்புகிறேன். மிரட்டிப் பிடுங்குகிறவன் கடைசி ஐந்நூறு வராகனுக்கு இப்படி மல்லுக்கட்ட மாட்டான். ஆனால் எழுதிய கை பிட்டினுடையது. ஜாம்சந்த் தன் கணக்கை எழுதி வைத்திருந்தால் இன்னும் சுவையாக இருந்திருக்கும்.

கேள்வி: எங்கள் பேட்டைக்கும் அவருக்கும் ஏதாவது சம்பந்தம் உண்டா? (நுங்கம்பாக்கம்)

நிறைய. 1702-ல் முகலாயத் தளபதி தாவூத் கான் பட்டணத்தை மாதக்கணக்கில் முற்றுகையிட்டார், பிட் அசரவில்லை. கடைசியில் பணம் கொடுத்துச் சமாதானம் ஆனது. அதே தாவூத் கானிடம் 1708-ல் ஐந்து கிராமங்களை வாங்கினார்: திருவொற்றியூர், வியாசர்பாடி, கத்திவாக்கம், சாத்தங்காடு, அப்புறம் உங்கள் நுங்கம்பாக்கம். அன்றைக்கு கிரவுண்டு என்ன விலை என்று கேட்டு மனதைப் புண்படுத்திக்கொள்ளாதீர்கள்.

கேள்வி: கல்லால் குடும்பம் உருப்பட்டதா? (தஞ்சாவூர்)

1702-ல் மூத்த மகன் ராபர்ட் கையில் கல்லைக் கொடுத்து லண்டனுக்கு அனுப்பினார். அங்கே பட்டை தீட்டியதில் மிஞ்சியது 140 காரட். வாங்கத்தான் ஆளில்லை, ராஜாக்களே விலையைக் கேட்டு நகர்ந்துவிட்டார்கள். 1717-ல் பிரான்சின் ராஜப் பிரதிநிதி ஆர்லியன்ஸ் கோமகன் சுமார் 1,35,000 பவுண்டுக்கு எடுத்தார். பேரன் வில்லியம் பிட், குடும்பச் சொத்தான ஓல்டு சாரம் வழியாகவே 1735-ல் பாராளுமன்றம் போய், பிறகு பிரதமரானார். கொள்ளுப்பேரன் இன்னொரு வில்லியம் பிட், 24 வயதில் பிரதமர். நெப்போலியனை ஒழிக்க ஐரோப்பாவில் கூட்டணிமேல் கூட்டணி கட்டியவர். அந்த நெப்போலியன் தன் வாளின் பிடியில் பதித்துக்கொண்டது எந்தக் கல் என்று நினைக்கிறீர்கள்? கொள்ளுத்தாத்தா விற்ற அதே கல்தான்!