கடைசி நாள் மெமோ

தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் மெமோவிலும் பெரியது சின்னது உண்டு. ஒழுங்கு நடவடிக்கை விதி 17(அ) என்றால் கண்டனம், மிஞ்சினால் இன்க்ரிமென்ட் கட். வாங்கியவர் டீ குடிக்கப் போய்விடுவார். 17(ஆ) வந்தால் வேலைக்கே வேட்டு. விசாரணை அதிகாரி, சாட்சிகள், குறுக்கு விசாரணை என்று சடங்குகள் அதிகம். விசாரிக்காமல் வேலையை விட்டு நீக்காதே என்கிறது அரசியல் சாசனத்தின் 311ஆவது பிரிவு. எப்போது விசாரித்து முடிப்பது என்று அது கெடு வைக்கவில்லை. ஆகவே கோப்பு தூங்கும். பலருக்கு அது கண்விழித்தது ஓய்வு பெறும் நாளில்தான். மாலையும் சால்வையும் கிடந்த அதே மேசைக்கு சஸ்பென்ஷன் ஆணை வந்தது, 'பெற்றுக்கொண்டேன்' என்று கையெழுத்துக் கேட்டபடி. அப்புறம் வேலையும் இல்லை, ஓய்வும் இல்லை. பிரிவுபசாரத்துக்குப் பணம் போட்டவர்கள் மட்டும் மிக்சரை விட்டுவைக்கவில்லை.